அண்ணனோடு சமாதானம் ஆகிவிட்டது. பாகப்பிரிவினை வழக்கை வாபஸ் வாங்கலாமா?

கேள்வி: கரையோரம்

வணக்கம். கொஞ்சம் நீளமாக எழுதுகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள். சுருக்கிச் சொன்னால் பதில் சொல்பவர்களுக்கும் கஷ்டம்.

எங்கள் அப்பா 2018-ல் உயில் எழுதாமல் இறந்துபோனார். அவர் சொந்த உழைப்பில் வாங்கியது ஓர் ஓட்டு வீடும் மூன்று மா நஞ்சையும். மூன்று மா என்றால் ஏறக்குறைய ஒரு ஏக்கர். வாரிசுகள் அம்மா, அண்ணன், நான், அப்புறம் அப்பாவுக்கு முன்பே போய்விட்ட என் தம்பியின் மனைவியும் மகனும். அந்தப் பையனுக்கு இப்போது பதினைந்து வயது.

அப்பாவுக்குப் பிறகு எல்லாமே அண்ணன் கையில்தான். நிலத்திலிருந்து எனக்கோ தம்பி குடும்பத்துக்கோ ஒரு மூட்டை நெல் வந்ததில்லை. கேட்டோம், பேச்சு தடித்தது, ஒரு நாள் வாசலிலேயே சண்டையாகி ஸ்டேஷன் வரை போனோம். 2021-ல் சார்பு நீதிமன்றத்தில் நாலில் ஒரு பங்கு கேட்டு வழக்குப் போட்டேன். நான் வாதி. அம்மா 1-ம் பிரதிவாதி, அண்ணன் 2, தம்பி மனைவி 3, தம்பி மகன் 4. மைனருக்கு அவன் அம்மாதான் கார்டியன்.

அம்மாவைப் பிரதிவாதியாகப் போட்டது இன்றுவரை என்னை உறுத்துகிறது. பங்குதாரர் ஒருவரை விட்டாலும் பாகப்பிரிவினை வழக்கு நிற்காது என்று வக்கீல் விளக்கினார். எனக்குப் புரிந்தது. அம்மாவுக்கு யார் விளக்குவது? அவளுக்கு எழுதப் படிக்கத் தெரியாது. சம்மனைப் பக்கத்து வீட்டுப் பெண்ணிடம் கொடுத்து வாசிக்கச் சொல்லியிருக்கிறாள். வாசித்து முடித்ததும், 'பிரதிவாதின்னா என்னடி, நான் என்ன தப்பு பண்ணேன்?' என்று கேட்டாளாம்.

நாலு வருஷம் வாய்தா வாய்தாவாக ஓடியது. என் விசாரணை ஆரம்பித்து, முதல் விசாரணைப் பிரமாணப் பத்திரமும் தாக்கலாகிவிட்டது. அப்போதுதான் அம்மா குளியலறையில் விழுந்து இடுப்பெலும்பை முறித்துக்கொண்டாள். ஆஸ்பத்திரியில் ஒரு ராத்திரி நான், ஒரு ராத்திரி அண்ணன். முதலில் முகம் கொடுத்துப் பேசாமல்தான் ஆள் மாறிக்கொண்டிருந்தோம். பதினோராவது நாள் நான் ஃபிளாஸ்கைக் கழுவிக்கொண்டிருந்தபோது அண்ணன் பக்கத்தில் வந்து, 'இதெல்லாம் போதும், முடிச்சுக்கலாம்' என்றார். நாலு வருஷத்தில் அவர் என்னிடம் நேராகப் பேசிய முதல் வார்த்தை அதுதான்.

பேசி முடிவானது இது:

வீடு அண்ணனுக்கு, அம்மா இருக்கும்வரை அதில் இருப்பாள். நிலத்தில் ஒன்றரை மா தம்பி மனைவிக்கும் பையனுக்கும், ஒன்றரை மா அண்ணனுக்கு. அப்பா வாங்கிப்போட்ட நாலு சென்ட் மனை ஒன்று இருப்பது வழக்குப் போட்ட பிறகுதான் தெரியவந்தது, பிராதில் (நான் போட்ட வழக்கு மனுவில்) அது இல்லை. அது பையன் பேருக்கு. எனக்கு நிலம் வேண்டாம், ரொக்கமாக 9 லட்சம். அம்மா தன் பங்கை அண்ணனுக்கே விட்டுக்கொடுக்கிறாள்.

3 லட்சம் கைக்கு வந்துவிட்டது. மீதி 6 லட்சத்துக்கு அண்ணன் வீட்டை வைத்து பேங்கில் கடன் வாங்க வேண்டும். வழக்கு நிலுவையில் இருக்கும்வரை தர மாட்டோம் என்கிறார்களாம். அதனால், 'வர்ற வாய்தாவில் வாபஸ் வாங்கிடும்மா, ரெண்டு மாசத்துல குடுத்துடறேன்' என்கிறார்.

அண்ணன் மனசு மாறியது உண்மை. அதில் எனக்குச் சந்தேகம் இல்லை. ஆனால் வாபஸ் வாங்குவது என்றால் என்ன, அதன் பிறகு என் கையில் என்ன இருக்கும் என்று தெரியாமல் கையெழுத்துப் போடப் பயமாக இருக்கிறது. வாய்தாவுக்கு மூன்று வாரம் இருக்கிறது. என் வக்கீலைப் பார்க்கப் போகும் முன் விவரம் தெரிந்துகொண்டு போனால் சரியாகக் கேட்கலாம் என்றுதான் இங்கே எழுதுகிறேன்.

பதில் 1: வடக்குவீதி

சமாதானம் ஆனதற்கு முதலில் சந்தோஷம், அக்கா. வாபஸ் வாங்குவது பெரிய வேலை இல்லை. வக்கீல் ஒரு பக்க மெமோ எழுதுவார், நீங்கள் கையெழுத்துப் போடுவீர்கள், அன்றைக்கே வழக்கு முடிந்துவிடும். எங்கள் சித்தப்பா இப்படித்தான் செய்தார், பத்து நிமிஷம்கூட ஆகவில்லை. அண்ணன் இறங்கி வந்திருக்கும்போது காகிதம் கேட்டு மறுபடி கசப்பாக்கிக்கொள்ள வேண்டாம் என்பது என் எண்ணம்.

பதில் 2: பழையகட்டு

அம்மா, தயவுசெய்து அந்த மெமோவில் இப்போது கையெழுத்துப் போடாதீர்கள். நான் முப்பத்தொரு வருஷம் சிவில் கோர்ட்டுகளில் வேலை பார்த்து சிரஸ்தாராக (கோர்ட் அலுவலகத் தலைமை எழுத்தராக) ஓய்வு பெற்றவன். வழக்குக் கட்டுகளைப் பிரித்துக் கட்டுவதே என் வேலையாக இருந்தது. அதில் பார்த்ததைச் சொல்கிறேன்.

வழக்கை முடிப்பதில் இரண்டு வழி உண்டு. வெளியில் இருப்பவர்களுக்கு இரண்டும் ஒன்றுபோலத் தெரியும். ஒன்று வாபஸ், இன்னொன்று ராஜி. இரண்டுமே உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 23-ம் கட்டளையில்தான் வருகின்றன, வாபஸ் 1-ம் விதி, ராஜி 3-ம் விதி.

வாபஸ் என்றால் வாதி தன் வழக்கைக் கைவிடுகிறார், அவ்வளவுதான். 'வாபஸ் பெறப்பட்டதால் தள்ளுபடி' என்று கோர்ட் ஒரு வரி எழுதும். உங்களுக்கு 9 லட்சம் பேசியதோ, பையனுக்கு நிலம் என்று சொன்னதோ, அம்மா வீட்டில் இருக்கலாம் என்றதோ அந்த வரியில் இருக்காது. நாளைக்கு ஆஸ்பத்திரி வராந்தாவில் பேசியதை எந்தக் கோர்ட்டில் காட்டுவீர்கள்?

ராஜி என்றால் சமரச நிபந்தனைகளை எழுத்தில் எழுதி, எல்லாத் தரப்பாரும் கையெழுத்திட்டு, கோர்ட்டில் தாக்கல் செய்வது. அது சட்டத்துக்கு உட்பட்டது, அவரவர் சம்மதித்தது என்று நீதிபதி திருப்தி அடைந்தால் அதையே பதிவு செய்து அதன்படி டிக்ரி கொடுப்பார். அந்த டிக்ரிக்கு விசாரணை நடத்திக் கொடுத்த தீர்ப்புக்கு இருக்கும் அதே பலம் உண்டு. 6 லட்சம் குறித்த தேதியில் வரவில்லையா, புது வழக்குப் போட வேண்டாம், நிறைவேற்று மனு போட்டால் போதும். இ.பி. என்பார்கள். அதற்குப் பன்னிரண்டு வருஷம் அவகாசம்.

அனுமதி வாங்காமல் சும்மா வாபஸ் வாங்கினால் அதே விஷயத்துக்கு மறுபடி வழக்குப் போட முடியாது என்று 1-ம் விதியின் 4-ம் உட்பிரிவு சொல்கிறது. பாகப்பிரிவினையில் மட்டும் கொஞ்சம் நெகிழ்வு உண்டு. சொத்து பொதுவில் இருக்கும்வரை பங்கு கேட்கும் உரிமை தொடர்ந்துகொண்டே இருக்கும், அதனால் மறுபடி வழக்குப் போடலாம் என்று பல தீர்ப்புகள் இருக்கின்றன. ஆனால் அதை நம்பி இறங்காதீர்கள். ஏன் என்று சொல்கிறேன்.

வழக்கு வாபஸ் ஆனதும் பேங்க் என்ன செய்யும்? வில்லங்கம் பார்க்கும், வாரிசுச் சான்றிதழ் பார்க்கும். வாரிசுகளில் உங்கள் பெயர் இருக்கும். மகளிடமிருந்து விடுதலைப் பத்திரம், அதாவது தன் பங்கை விட்டுக்கொடுக்கும் பத்திரம், எழுதி வாங்கிவாருங்கள் என்று உங்கள் அண்ணனிடம் சொல்லும். அண்ணன் உங்களிடம் வருவார். அப்போது பங்கையும் பத்திரமாக எழுதிக் கொடுத்திருப்பீர்கள், பணம் இன்னும் வந்திருக்காது. அதோடு, வழக்கு நடக்கும்போது பிரதிவாதி சொத்தை அடமானம் வைத்தாலும் அது வழக்கின் முடிவுக்குக் கட்டுப்பட்டது, சொத்து மாற்றுச் சட்டத்தின் 52-ம் பிரிவு அது. வாபஸ் வாங்கிய நிமிஷம் அந்தக் காவலும் போய்விடும்.

உங்கள் அண்ணன் ஏமாற்றுவார் என்று நான் சொல்லவில்லை. மனுஷன் நல்லவராகவே இருந்து, கடன் மறுக்கப்பட்டால்? நாளைக்கு அவருக்கே ஏதாவது ஆகிவிட்டால்? அப்புறம் நீங்கள் பேச வேண்டியது அண்ணியிடமும் அவர்கள் பிள்ளைகளிடமும். அவர்கள் அந்த வராந்தாவில் இருந்தவர்கள் இல்லை.

பதில் 3: ஆறடிப்பாதை

பழையகட்டு ஐயா சொல்வதை நான் அனுபவித்தவன், சகோதரி. எங்கள் வீட்டுக்குப் பின்னால் வண்டி போகிற பாதையைப் பக்கத்து நிலத்துக்காரர் மறித்ததால் உறுத்துக்கட்டளை (மறிக்கக் கூடாது என்று கோர்ட் தடை உத்தரவு) கேட்டு வழக்குப் போட்டிருந்தேன். ஊர்ப் பெரியவர்கள் உட்கார வைத்துப் பேசினார்கள். ஆறடி விடுகிறேன் என்று ஒத்துக்கொண்டார், வேலிக் கல்லைப் பிடுங்கி நகர்த்தியும் நட்டார். கல் நகர்ந்ததைக் கண்ணால் பார்த்த சந்தோஷத்தில் மறுவாரமே வாபஸ் மெமோ போட்டேன். அனுமதி எதுவும் கேட்கவில்லை, எழுத்தில் ஒன்றும் இல்லை.

இரண்டு வருஷம் ஒரு தொந்தரவும் இல்லை. அவர் இறந்த பிறகு மகன் வந்து கல்லைப் பழைய இடத்திலேயே நட்டு, அதன் மேல் சுவரும் எழுப்பிவிட்டார். மறுபடி வழக்குப் போட்டேன். முந்தைய வழக்கை அனுமதி இல்லாமல் வாபஸ் வாங்கியதைக் காட்டியே அதைத் தள்ளிவிட்டார்கள். ஊர்ப் பெரியவர்களில் இரண்டு பேர் சாட்சி சொல்ல வந்தார்கள், ஆனால் வழக்கு சாட்சி விசாரணை வரை போகவே இல்லை. இப்போது அப்பீலில் இருக்கிறது. ஒரு தாளில் எழுதிக் கோர்ட்டில் கொடுத்திருந்தால் அந்தச் சுவர் வந்திருக்காது.

பதில் 4: கரையோரம்

ஐயா, இரண்டு தடவை படித்தேன். விடுதலைப் பத்திர விஷயம் எனக்குத் தோன்றவே இல்லை. அண்ணனிடம் கேட்டேன். பேங்கில் அதையும் சொல்லியிருக்கிறார்களாம். 'நீதான் போடப்போறியேன்னு உன்கிட்ட சொல்லல' என்றார். மறைக்க வேண்டும் என்று மறைக்கவில்லை, அது குரலிலேயே தெரிந்தது.

ராஜி மனு போடலாமா என்று கேட்டதும் முகம் மாறிவிட்டது. 'மூணு லட்சம் குடுத்தப்போ நான் உங்கிட்ட ரசீது கேட்டேனா? என்னை நம்பலையா?' என்றார். அன்றைக்கு அதற்கு மேல் பேசவில்லை. ராத்திரி முழுக்கத் தூக்கம் இல்லை. நாலு வருஷம் கழித்துப் பேசிய ஆளை நானே மறுபடி விரட்டிவிடுவேனோ என்று இருக்கிறது.

பதில் 5: கீழ்க்கோர்ட்

மேடம், நான் சிவில் பக்கம் பிராக்டிஸ் செய்யும் வக்கீல். உங்கள் கேள்வியில் ஒரு விஷயத்தைப் பார்த்ததும் எழுதியே ஆக வேண்டும் என்று தோன்றியது. 4-ம் பிரதிவாதி மைனர்.

மைனர் இருக்கும் வழக்கில் கோர்ட் அனுமதி இல்லாமல் கார்டியன் சமரசம் செய்ய முடியாது. 32-ம் கட்டளை, 7-ம் விதி. கார்டியன் அனுமதி கேட்டு மனுவும் பிரமாணப் பத்திரமும் போட வேண்டும். இந்தச் சமரசம் மைனரின் நலனுக்கு ஏற்றது என்று அவர்கள் வக்கீல் சான்று கொடுக்க வேண்டும். நீதிபதி கணக்குப் பார்ப்பார். பையனும் அவன் அம்மாவும் சேர்ந்து நாலில் ஒரு பங்குக்கு உரியவர்கள், அதில் ஆளுக்குப் பாதி. அவர்களுக்குக் கிடைப்பது பாதி நிலமும் ஒரு மனையும். வீட்டின் மதிப்பு, நிலத்தின் மதிப்பு எல்லாம் வைத்து அது குறைவில்லை என்று அவருக்குத் தெரிய வேண்டும். மூன்றுக்கும் வழிகாட்டி மதிப்பை எடுத்துப்போய் வக்கீலிடம் கொடுங்கள்.

அனுமதி இல்லாமல் வெளியில் செய்துகொண்ட ஏற்பாட்டை மைனர் தரப்பு ரத்து செய்ய முடியும், மற்றவர்கள் முடியாது. அதாவது இன்னும் மூன்று வருஷம் கழித்து, பதினெட்டு வயதான பிறகு, யாராவது அந்தப் பையன் காதில் ஓதினால் உங்கள் அண்ணன் பேங்கில் வைத்திருக்கும் வீட்டின் மேலேயே வழக்கு வரலாம். ஆகவே கோர்ட் மூலம் முடிப்பது உங்களைவிட உங்கள் அண்ணனுக்குத்தான் அதிகப் பாதுகாப்பு. இதை அவரிடம் சொல்லுங்கள். அல்லது அவர் வக்கீலையே சொல்லச் சொல்லுங்கள், அதுதான் இன்னும் நல்லது.

அப்புறம் அந்த நாலு சென்ட். வழக்குச் சொத்துகளைப் பற்றிய ராஜி டிக்ரியைப் பதிவு செய்யத் தேவையில்லை, பதிவுச் சட்டம் 17-ம் பிரிவில் அதற்கு விலக்கு உண்டு. வழக்கில் இல்லாத அசையாச் சொத்தை ராஜியில் நுழைத்தால் அந்த விலக்கு கிடைக்காது. இரண்டு வழி: பிராதைத் திருத்த மனுப் போட்டு அந்த மனையையும் அட்டவணையில் சேர்ப்பது, இல்லையென்றால் சார்பதிவாளர் அலுவலகத்தில் தனிப் பத்திரம். எல்லோரும் சம்மதிப்பதால் நான் பிராதைத் திருத்துவதைத்தான் சொல்வேன்.

பாகப்பிரிவினை இறுதி டிக்ரியை முத்திரைத்தாளில்தான் எழுதுவார்கள். பலர் ராஜி பதிவானதோடு வீட்டுக்குப் போய்விடுவார்கள், முத்திரைத்தாள் கட்டாததால் டிக்ரி தயாராகாமலே கிடக்கும். அந்தச் செலவு யாருடையது என்பதையும் இப்போதே பேசிக்கொள்ளுங்கள்.

வாசல் சண்டை, ஸ்டேஷன் என்று எழுதியிருந்தீர்கள். எஃப்.ஐ.ஆர். ஆனதா, வெறும் மனு ரசீதா? எஃப்.ஐ.ஆர். இருந்தால் சிவில் ராஜியால் அது தானாகப் போகாது. ஆபாசமாகத் திட்டியதாகப் பிரிவு போட்டிருந்தால் கீழ்க்கோர்ட்டில் சமாதானமாக முடிக்கவும் முடியாது, ரத்து செய்ய உயர் நீதிமன்றம் போக வேண்டும்.

பதில் 6: கரையோரம்

வெறும் மனு ரசீதுதான், வக்கீல் சார். சி.எஸ்.ஆர். போட்டு இரண்டு பேரையும் எச்சரித்து அனுப்பினார்கள், எஃப்.ஐ.ஆர். ஆகவில்லை.

மைனர் விஷயம் எனக்கு ஒரு கதவைத் திறந்துவிட்டது. மறுநாள் அண்ணனிடம், 'உன்னை நம்பாம இல்லண்ணே, பையனுக்காகக் கோர்ட்ல அனுமதி வாங்கணுமாம், உன் வக்கீல்கிட்ட நீயே கேளு' என்று மட்டும் சொன்னேன். அவர் வக்கீலும் அதையே சொல்லியிருக்கிறார். சாயங்காலம் போன் பண்ணி, 'சரி, எழுதிக்கலாம். தம்பி மகன் நாளைக்கு நம்மளக் கேள்வி கேக்கக் கூடாது' என்றார். தம்பி பேரை எடுத்ததும் இரண்டு பேருக்குமே குரல் கம்மிவிட்டது.

இப்போது வரைவு எழுதுகிறார்கள். அதில் என்னென்ன விட்டுப்போகக்கூடாது என்று ஐயா சொன்னால் நன்றாக இருக்கும். இன்னொன்று, மீதி 6 லட்சத்துக்கு வீட்டின் மேல் பொறுப்பு, சார்ஜ் என்று ஒன்று வைக்கலாம் என்கிறார் என் வக்கீல், பணம் வராவிட்டால் அந்த வீட்டிலிருந்தே வசூலிக்கும் உரிமையாம். வைத்தால் பேங்க் கடன் தராது என்கிறார் அண்ணன்.

பதில் 7: பழையகட்டு

சார்ஜ் விஷயத்தில் இரண்டு பேர் சொல்வதும் சரிதான். சார்ஜ் வைத்தால் உங்களுக்குப் பலம் அதிகம், ஆனால் பேங்க் முதல் உரிமை தனக்கு வேண்டும் என்றுதான் சொல்லும். நான் பார்த்த ஒரு வழக்கில் இதைச் சரிசெய்த விதம்: டிக்ரியில் பணத்துக்குத் தேதி போட்டார்கள், தவறினால் வட்டி என்று எழுதினார்கள், சார்ஜ் வைக்கவில்லை. ஆனால் கடன் தொகையிலிருந்து பாக்கியை பேங்க் நேராக அந்தப் பெண் பெயரில் டி.டி. எடுத்துத் தர வேண்டும் என்று அண்ணன்காரர் முன்கூட்டியே பேங்குக்குக் கடிதம் கொடுத்தார். கடிதத்தின் நகல் இவர் கையில். பணம் யார் கணக்கிலும் தங்கவில்லை. உங்கள் பேங்க் ஒத்துக்கொள்ளுமா என்று கேட்டுப் பாருங்கள்.

வரைவில், கொடுத்த 3 லட்சத்தை என்ன தேதியில், எப்படிக் கொடுத்தார் என்று எழுதச் சொல்லுங்கள். அது அண்ணனுக்கு. அவர் ரசீது கேட்கவில்லை என்றாரே, இதுவே ரசீது ஆகிவிடும், அவர் மனசும் ஆறும்.

அம்மா விஷயத்தைத்தான் எல்லோரும் கோட்டை விடுவார்கள். 'அம்மா ஆயுள்வரை வீட்டில் வசிக்கலாம்' என்று ஒரு வரி எழுதிவிட்டுப் போய்விடுவார்கள். அந்த ஒரு வரியோடு திண்டாடிய வயதானவர்களை நான் பார்த்திருக்கிறேன். எந்த அறை, அடுப்படியும் கழிப்பறையும் பொதுவா, கரண்டுக்கு யார் கட்டுவது, நீங்கள் போய்ப் பார்க்கவும் தங்கவும் தடை இல்லை, எல்லாம் எழுதுங்கள். வீட்டை விற்றாலும் வாங்குகிறவர் இந்த உரிமைக்குக் கட்டுப்பட்டவர் என்றும் இருக்கட்டும். அம்மா தன் முழுப் பங்கையும் விட்டுக்கொடுக்கிறார். அவருக்கு மிஞ்சுவது அந்த அறை மட்டும்தான். பேங்குக்கும் இதை மறைக்காமல் காட்டிவிடுங்கள்.

நிலத்தை ஒன்றரை ஒன்றரை என்று எழுதினால் போதாது. சர்வேயரை வைத்து அளந்து, வரைபடம் போட்டு, எந்தப் பக்கம் யாருக்கு, வாய்க்கால் தண்ணீர் எந்த வழியாகக் கடைசி வயலுக்குப் போகும் என்பதுவரை வரட்டும். தண்ணீரை எழுதாமல் விட்டால் முதல் தாளடியிலேயே சண்டை.

ராஜி டிக்ரி மேல் அப்பீல் கிடையாது. அது செல்லாது என்று தனி வழக்கும் போட முடியாது. மோசடி, வற்புறுத்தல் என்றால்கூட அதே கோர்ட்டில்தான் வந்து சொல்ல வேண்டும். அதனால் கையெழுத்துக்கு முன் ஒரு தடவை வீட்டில் எல்லோரும் உட்கார்ந்து சத்தமாக வாசியுங்கள். அம்மாவுக்கும் கேட்கும்படி.

பதில் 8: வடக்குவீதி

நான் முதலில் சொன்னது தவறு, அக்கா. சித்தப்பா வழக்கில் பணம் முழுக்கக் கைக்கு வந்த பிறகுதான் மெமோ போட்டார்கள் என்று இப்போதுதான் கேட்டுத் தெரிந்துகொண்டேன். அப்படி எல்லாம் முடிந்திருந்தால்தான் வெறும் வாபஸ் சரி போலிருக்கிறது. கோர்ட் கட்டணம் திரும்பக் கிடைக்குமா என்று யாராவது சொல்லுங்கள், சித்தப்பா கேட்கிறார். அவருடையது பண வழக்கு.

பதில் 9: கீழ்க்கோர்ட்

கிடைக்கும். தமிழ்நாடு நீதிமன்றக் கட்டணச் சட்டத்தில் 69-ஏ பிரிவு. லோக் அதாலத், சமரச மையம் போன்ற வழிகளுக்குக் கோர்ட் அனுப்பி முடிந்தால்தான் கட்டணம் திரும்ப வரும், தாங்களாக வெளியே பேசி முடித்தால் வராது என்று முன்பு அலுவலகங்களில் மறுப்பார்கள். சென்னை உயர் நீதிமன்றம் அப்படிப் பிரித்துப் பார்க்கக் கூடாது என்றது. உயர் நீதிமன்ற நிர்வாகமே உச்ச நீதிமன்றத்துக்கு மேல்முறையீடு போனது. 2021 பிப்ரவரி 17-ல் அது தள்ளுபடியாகி, தனிப்பட்ட முறையில் செய்துகொண்ட சமரசத்துக்கும் இது பொருந்தும் என்று உறுதியானது. என் கட்சிக்காரர் ஒருவர் 8 லட்சம் பண வழக்கில் 3 சதவீதம் கட்டியிருந்தார், அந்த 24,000 முழுவதும் வந்தது. சித்தப்பா மெமோவில் சமரசம் ஆனதால் வாபஸ் என்ற காரணமும் கட்டணம் திரும்பக் கேட்டதும் இருக்கிறதா பார்க்கச் சொல்லுங்கள். வெறும் 'வாபஸ்' என்று இருந்தால் அலுவலகத்தில் கேள்வி வரும்.

கரையோரம் மேடம் வழக்கு கூட்டு அனுபவத்தில் இருக்கும் சொத்து என்று போட்டிருந்தால் நிலையான சிறு கட்டணம்தான், பெரிதாக ஒன்றும் வராது.

பதில் 10: கரையோரம்

இரண்டு மாதம் கழித்து எழுதுகிறேன். நீங்கள் எல்லோரும் இவ்வளவு அக்கறையாகச் சொன்னதற்கு, நடந்ததைச் சொல்லாமல் விடக்கூடாது.

முதலில் பிராதைத் திருத்தி நாலு சென்ட் மனையைச் சேர்த்தார்கள். ஒரு வாய்தா அதற்கே போனது. பேங்க் டி.டி. விஷயத்துக்கு ஒத்துக்கொண்டது. அண்ணன் கடிதம் கொடுத்து நகலை அவராகவே கொண்டுவந்து தந்தார். அம்மா அறை பற்றிய வரிகளையும் பேங்கில் காட்டினோம், ஆட்சேபம் சொல்லவில்லை.

வரைவை ஐயா சொன்னபடி வீட்டில் வாசித்தோம். தம்பி மகன்தான் வாசித்தான். அம்மா கட்டிலில் படுத்தபடி கேட்டுக்கொண்டிருந்தாள். 'முன்பக்க அறை' என்று வந்த இடத்தில் நிறுத்தச் சொல்லி, 'ஜன்னல் உள்ள ரூமுன்னு போடு, வாசல்ல யாரு போறா வராங்கறது தெரியணும்' என்றாள். வக்கீலிடம் சொல்லி அப்படியே சேர்த்தோம். டிக்ரியில் இப்போது 'கிழக்குப் பார்த்த ஜன்னல் உள்ள முன்பக்க அறை' என்று இருக்கிறது.

அம்மாவால் கோர்ட்டுக்கு வர முடியாது என்பதால் வக்கீல் கமிஷனர் ஒருவரை நியமித்து வீட்டுக்கு அனுப்பினார்கள். ஒரு இளம்பெண். கட்டில் ஓரத்தில் உட்கார்ந்து, எங்கள் எல்லோரையும் வெளியே போகச் சொல்லிவிட்டு, தனியாக அரை மணி நேரம் பேசினார். கைநாட்டு வாங்கும்போது கூப்பிட்டார். இங்க் பேடில் விரலை அழுத்திக்கொண்டே அம்மா அவரிடம், 'இப்பவும் நான் பிரதிவாதிதானா?' என்று கேட்டாள். அந்தப் பெண் என்னைப் பார்த்தார். எனக்கு ஒன்றும் சொல்ல வரவில்லை. 'காகிதத்துல மட்டுந்தாம்மா' என்று அவரே சொன்னார். மை போகும்வரை அம்மா விரலை நான் தேங்காயெண்ணெய் போட்டுத் துடைத்துவிட்டேன்.

கோர்ட்டில் நீதிபதி ஒவ்வொருவராகக் கூப்பிட்டுக் கேட்டார், யாராவது வற்புறுத்தினார்களா, படித்துப் பார்த்தீர்களா என்று. தம்பி மனைவியிடம்தான் அதிக நேரம். மதிப்புக் கணக்கைப் பார்த்து, வீட்டின் மதிப்பையும் சேர்த்தால் பையனுக்கு வருவது சரியாக இருக்கிறதா என்று இரண்டு தடவை கேட்டு, அப்புறம்தான் அனுமதி கொடுத்தார். ராஜி பதிவானது. முத்திரைத்தாள் செலவை அண்ணனும் நானும் பாதிப் பாதி.

டிக்ரி நகலைக் காட்டியதும் பேங்கில் கடன் போட்டுவிட்டார்கள். 6 லட்சம் டி.டி.யாகவே என் கையில் வந்தது, குறித்த தேதிக்கு ஒன்பது நாள் முன்னால். பணம் வந்துவிட்டது என்று கோர்ட்டில் முழுத் திருப்தி மெமோவும் போட வேண்டும் என்று வக்கீல் சொன்னார், அடுத்த வாரம் போடுகிறோம்.

ஸ்டேஷனிலும் இரண்டு பேரும் போய், பிரச்சினை தீர்ந்தது என்று எழுதிக் கொடுத்துவிட்டு வந்தோம்.

பதில் 11: பழையகட்டு

மனசுக்கு நிறைவாக இருக்கிறது, அம்மா. கடைசியாக ஒரு வேலை. டிக்ரி நகலை எடுத்து வைத்துக்கொண்டு அட்டவணையில் இருக்கும் சர்வே எண், உட்பிரிவு, நான்கு எல்லை, விஸ்தீரணம் எல்லாவற்றையும் பட்டாவோடு ஒவ்வொன்றாக ஒப்பிடுங்கள். தட்டச்சில் ஓர் எழுத்து மாறியிருந்தாலும் பட்டா மாறுதல் நின்றுவிடும். எழுத்துப்பிழை என்றால் 152-ம் பிரிவில் மனுப் போட்டுத் திருத்திக்கொள்ளலாம். இப்போதே பார்ப்பது நல்லது.

பதில் 12: கரையோரம்

பார்த்தோம் ஐயா. நிலத்தின் உட்பிரிவில் 2ஏ என்று இருக்க வேண்டியது ஓர் இடத்தில் 2பி என்று இருந்தது. தம்பி மகன்தான் கண்டுபிடித்தான். திருத்த மனுவில் அண்ணனும் நானும் நேற்று கையெழுத்துப் போட்டோம்.